ஏழாம் படியில் நிற்கும் நாவலாசிரியர்

நாவல் எழுதியவர்கள் ஓர் இனம். நாவல் எழுதிக்கொண்டிருப்பவர்கள் முற்றிலும் வேறோர் இனம். முதல் இனத்தைப் புத்தகக் கடையில் பார்க்கலாம். இரண்டாம் இனத்தை, புத்தகக் கடையைத் தவிர மற்ற எல்லா இடங்களிலும் பார்க்கலாம்.

அடையாளம் காண்பது சுலபம். எதிரே வந்தால், "நாவல் எப்படிப் போகுது?" என்று ஒரு வார்த்தை கேட்டுப் பாருங்கள். உடனே பதில் வராது. மூக்குக் கண்ணாடியைக் கழற்றுவார். சட்டை நுனியால் துடைப்பார். மறுபடி மாட்டிக்கொள்வார். பிறகு உங்கள் தலைக்கு மேலே ஒரு சாண் உயரத்தில், அங்கே ஏதோ பறவை உட்கார்ந்திருப்பது போல, பார்வையை நிறுத்துவார். அப்புறம்தான் திருவாய் மலரும்.

"நான் எங்கங்க எழுதறேன்? அதுதான் என்னை எழுதிட்டிருக்கு."

சரி, எப்போது முடியும் என்று கேட்டுத் தொலைத்தீர்களோ, போச்சு. "ஒரு மரத்துகிட்டப் போய் எப்ப வளர்ந்து முடிப்பேன்னு கேப்பீங்களா?" என்று திருப்பிக் கேட்பார். இந்தக் கேள்விக்கு இதுவரை ஒரே ஓர் ஆள்தான் பதில் சொல்லியிருக்கிறான். அவரோடு வேலை பார்க்கும் பம்ப் ஆபரேட்டர். "வளர்றத விடுங்க சார். காய்க்குமா காய்க்காதான்னு கேப்பேன்" என்றான். அந்த ஆளோடு அவருக்கு இன்றுவரை பேச்சுவார்த்தை இல்லை.

நம் கைக்கு அகப்பட்ட மாதிரியை இனி நாவலாசிரியர் என்றே அழைப்போம். நாம் வைத்த பெயர் இல்லை, அவரே வைத்துக்கொண்டது. தபால் பெட்டியில் அப்படித்தான் எழுதி ஒட்டியிருக்கிறார். குடிநீர் விநியோக அலுவலகத்தில் புகார்ப் பிரிவில் உத்தியோகம். தினமும் பதினாறு பதினேழு கடிதங்கள் எழுதுகிறார். "தங்கள் தெருவில் உடைந்த குழாய் நேற்று மாற்றப்பட்டது. இன்று மாலை முதல் தண்ணீர் வரும்." ஆரம்பம் இருக்கிறது, முடிவு இருக்கிறது, நடுவே சொல்ல வேண்டியதும் இருக்கிறது. ஆனால் அதை எழுத்து என்று யாராவது சொன்னால் அவர் முகம் போகிற போக்கைப் பார்க்க வேண்டும்! எழுத்து என்பது வீட்டுக்கு வந்த பிறகு, அறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டு, எழுதாமல் இருப்பது.

அந்த அறையைப் பற்றிச் சொல்லியாக வேண்டும். ஏனென்றால் வம்பே அதனால்தான் வந்தது.

வீட்டில் இருப்பது இரண்டு அறை. ஒன்று படுக்க. இன்னொன்றில்தான் வீட்டின் ஒரே நல்ல ஜன்னல். காலை ஏழு மணிக்கு உள்ளே வரும் வெளிச்சம் மாலை ஐந்து வரைக்கும் வெளியே போகாது. அந்த ஜன்னலை ஒட்டி ஒரு பெரிய மேசை, மேசை மேல் பத்தொன்பது பேனா, மூன்று கூழாங்கல், சுற்றாத ஓர் உலக உருண்டை, தானாகக் கன்னத்துக்குக் கை போகும் உயரத்தில் ஒரு நாற்காலி. வாசல் அழைப்புமணியின் ஒயரைப் பன்னிரண்டு வருடத்துக்கு முன்பே பிடுங்கிவிட்டார்கள். மணி அடித்தால் படைப்பு கலைந்துவிடும். வந்தவர்கள் தட்டக் கூடாது, இருமலாம்.

மனைவி துணிகளைச் சரிசெய்து கொடுப்பவள். நீளத்தைக் குறைப்பாள், இடுப்பைப் பிரிப்பாள், ஜிப் மாற்றுவாள். செவ்வாய்க்கிழமை தருகிறேன் என்றால் செவ்வாய்க்கிழமை தருவாள். வேலை முடிந்த துணியில் ஒரு நீல நூலைக் கட்டி அலமாரியில் வைத்துவிடுவாள், பிறகு அதைத் திரும்பிக்கூடப் பார்க்க மாட்டாள். அவளுடைய தையல் மிஷின் இருக்கும் இடம், சமையலறைக்கும் குளியலறைக்கும் நடுவே உள்ள நடை. ஜன்னல் கிடையாது. ஒரு பல்பு உண்டு. அந்த மிஷினும் நாவலாசிரியர் ஆபீஸ் போன பிறகுதான் ஓடலாம். அவர் வீட்டில் இருக்கும் நாளில் அந்தச் சத்தம் படி மேல் ஆணி அடிப்பது போல் இருக்கிறதாம். ஆகவே ஞாயிற்றுக்கிழமைகளில் அவள் கையால் தைப்பாள்.

எந்தப் படி மேல்? அதுதானே கேட்கிறீர்கள்? வருகிறேன்.

நாவலின் கதை என்ன என்று அவரிடம் கேட்க முடியாது. "கதைங்கறதெல்லாம் சின்னப் பசங்க சமாச்சாரம்" என்பார். ஆனால் பன்னிரண்டு வருடத்தில் வீட்டார் பொறுக்கிச் சேர்த்த வரையில் விஷயம் இது. ஒரு மனிதன் இருபது வருடம் கழித்துத் தன் அப்பாவின் வீட்டுக்குத் திரும்புகிறான். மாடியில் பூட்டிக் கிடக்கும் ஓர் அறை. அதைத் திறக்கச் சாவியோடு படியேறுகிறான். படிகள் பதினான்கு. அறைக்குள் என்ன இருக்கிறது என்பதுதான் நாவல். ஆனால் முதலில் அவன் மேலே போய்ச் சேர வேண்டுமே! முதல் படியில் கால் வைத்ததும் அவனுக்கு மரங்களின் வரலாறு நினைவுக்கு வந்தது. அதில் இரண்டு வருடம் போயிற்று. நான்காம் படியில் காலம் என்றால் என்ன என்று யோசித்தான். ஏழாம் படியில் கைப்பிடியைத் தொட்டான். அங்கே பெயின்ட் கொஞ்சம் உரிந்திருந்தது. அவ்வளவுதான். நாலு வருடமாக ஆசாமி அங்கேயே நிற்கிறான்.

தினமும் சாயங்காலம், தேநீரைக் கதவிடுக்கில் நீட்டும்போது மனைவி கேட்பாள்.

"ஏறிட்டானா?"

"ஏழாவதுல நிக்கிறான்."

"போன வருஷமும் அங்கதான நின்னான்?"

"அது வேற நிக்கிறது. இது வேற நிக்கிறது."

"கால் வலிக்காதா பாவம்?"

கதவு சாத்தப்படும்.

மனைவிக்கு ஒரு தம்பி. லிஃப்ட் மெக்கானிக். அக்காவைப் பார்க்க வரும்போதெல்லாம் ஸ்பானர் பையை வாசலில் வைத்துவிட்டு, விதிப்படி இருமிவிட்டு, உள்ளே வருவான். படியில் நிற்கும் மனிதன் மேல் அவனுக்கு உண்மையான அக்கறை. "மாமா, நான் ஒண்ணு சொன்னா கோச்சுக்கக் கூடாது. அந்த வீட்டுல ஒரு லிஃப்ட் போட்டுருவோம். சின்ன வீடுதான? நாலு நாள் வேலை. பட்டனை அமுக்குனா மேல போய் நிப்பான். அப்புறம் நீங்களாச்சு, உங்க ரூமாச்சு" என்றான் ஒரு முறை. நாவலாசிரியர் அன்று சாப்பிடவில்லை. "சரி மாமா, லிஃப்ட் வேணாம். ரூமுக்குள்ள என்னதான் இருக்கு, அதையாவது சொல்லுங்க" என்று வேறொரு வருடம் அவன் சமாதானத்துக்கு வந்தபோது, "அது எனக்குத் தெரிஞ்சா நான் எதுக்குடா எழுதணும்?" என்று சீறினார்.

அப்படியானால் பன்னிரண்டு வருடமாக அவர் சும்மாவா இருந்தார் என்று நினைக்கிறீர்கள்? அபாண்டம். மேசை மேல் இரண்டு கட்டுகள் இருந்தன. இடது பக்கக் கட்டு நாவல். அதாவது, முதல் அத்தியாயத்தின் நாற்பத்தொரு வடிவங்கள். அடித்தல், திருத்தல், அம்புக்குறி, ஓரத்தில் தனக்குத் தானே எழுதிக்கொண்ட பாராட்டு. வலது பக்கக் கட்டுதான் அழகு. கண்ணில் விளக்கெண்ணெய் விட்டுத் தேடினாலும் ஓர் அடித்தல் கிடைக்காது. நாவலைத் தவிர, நாவலுக்கு வேண்டிய எல்லாமே அதில் சுத்தமாக எழுதி முடிக்கப்பட்டிருந்தன.

சமர்ப்பணம்: "இந்த மௌனத்தைக் காத்தவளுக்கு." (மிஷினை ஓட்டக் கூடாது என்று சொன்னவர் யார் என்பது அதில் இல்லை.) ஒரு முன்னுரை. இந்த நாவலுக்கு ஏன் முன்னுரை தேவையில்லை என்று விளக்கும் இன்னொரு முன்னுரை, முந்தியதைவிட நீளமாக. பிறகு இரண்டாம் பதிப்பின் முன்னுரை: "முதல் பதிப்பு இத்தனை விரைவில் தீர்ந்துபோகும் என்று நான் எதிர்பார்க்கவில்லை என்று சொன்னால் அது பொய்யாகும்." நன்றியுரை மட்டும் இருபத்திரண்டு பக்கம். அதில் ஜன்னலுக்கு வெளியே உள்ள மரத்துக்கு நன்றி உண்டு, பம்ப் ஆபரேட்டருக்கு நன்றி இல்லை என்று ஒரு தனிப் பத்தி உண்டு. மச்சினன் பெயர் மின்விசிறியைப் பழுது பார்த்த வருடம் சேர்க்கப்பட்டு, லிஃப்ட் யோசனை சொன்ன வருடம் நீக்கப்பட்டு, குழாய் மாட்டிக் கொடுத்த வருடம் திரும்பச் சேர்க்கப்பட்டு, "அறைக்குள் என்ன இருக்கிறது" என்று கேட்ட வருடம் மறுபடி நீக்கப்பட்டதும், ஒவ்வொன்றும் தேதியோடு, காரணத்தோடு, அதிலேயே பதிவாகியிருந்தது. அடுத்து, இன்னும் விமர்சிக்காத ஒரு விமர்சகருக்குக் காரசாரமான மறுப்பு. ஒரு நேர்காணல், கேள்வியும் பதிலும் அவரே. "இவ்வளவு உயரத்திலும் இத்தனை எளிமையாக இருக்கிறீர்களே, எப்படி?" என்பது கேள்வி. "நீண்ட மௌனம்" என்பது பதில். பரிசை மறுக்கும் உரை ஒன்று. மறுப்பை அவர்கள் ஏற்றுக்கொள்ளாமல் போனால் பரிசை வாங்கிக்கொண்டு பேசும் உரை இன்னொன்று.

எல்லாவற்றுக்கும் அடியில் ஒரு கெட்டித் தாள். முதல் வருடமே, ஒன்பது நாள் கை பழகி, கறுப்பு மையில் முத்து முத்தாக எழுதி வைத்தது.

முற்றும்.

இப்படியே இன்னும் பன்னிரண்டு வருடம் போயிருக்கும். ஊசியால்தான் வந்தது வினை.

ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை. நடையில் பல்பு வெளிச்சத்தில் மனைவி ஊசியில் நூல் கோத்துக்கொண்டிருந்தாள். ஒரு தடவை நுழையவில்லை. நூல் நுனியை நனைத்து மறுபடி முயன்றாள். நுழையவில்லை. ஆறாவது தடவை ஊசி விரலில் ஏறியது. முன்தினம்தான் கண் டாக்டர் சொல்லியிருந்தார்: கண்ணாடியை மாற்றிக்கொண்டே போவதில் பிரயோஜனமில்லை அம்மா, வெளிச்சத்தில் உட்காருங்கள்.

விரலை வாயில் வைத்துக்கொண்டு எழுந்தாள். இருமவில்லை. தட்டவில்லை. கதவைத் திறந்து உள்ளேயே போய்விட்டாள்.

நாவலாசிரியர் கன்னத்தில் கையோடு உலக உருண்டையைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"என்னங்க. இந்த மாசம் முப்பதாம் தேதி."

"முப்பதாம் தேதி என்ன?"

"அதுக்குள்ள அவன் மேல ஏறணும். பூட்டத் தொறக்கணும். உள்ள என்ன இருக்கோ அதப் பாக்கணும். நாவல் முடிஞ்சு, புஸ்தகம் போடற உங்க சிநேகிதர் கைக்குப் போகணும். போகலன்னா முப்பத்தொண்ணாம் தேதி என் மிஷின் இந்த ஜன்னல்கிட்ட வந்துரும்."

"படைப்புக்குக் கெடு வைக்கிறியா?"

"பாவாடைக்கு வைக்கிறாங்க. படைப்புக்கு வச்சா என்ன?"

நாவலாசிரியர் ஆடிப்போய்விட்டார். அறை போனால் மேசை போகும். மேசை போனால் மூடிய கதவு போகும். மூடிய கதவு போனால், யோசித்துப் பாருங்கள், அவர் குடிநீர் அலுவலகத்தில் வேலை பார்க்கும் ஒருவர். அவ்வளவுதான்! தபால் பெட்டிப் பெயரைச் சுரண்ட வேண்டியதுதான்.

பள்ளிக்கூடத்துச் சிநேகிதரான பதிப்பாளருக்கு போன் செய்தார், அனுதாபத்துக்காக. அங்கேயும் இடிதான். "உன் மனைவி சொல்றது கரெக்ட்டுடா. பன்னெண்டு வருஷமா என் பட்டியல்ல உன் புஸ்தகத்துக்கு நேரா 'விரைவில்'னு போட்டுட்டிருக்கேன். முதல் தடவ அத அச்சுக் கோத்த ஆளு ரிட்டையரே ஆயிட்டாரு. முப்பதாம் தேதி கொண்டா. இல்லேன்னா பேரைத் தூக்கிருவேன்."

அலுவலகத்துக்கு மூன்று வாரம் லீவு போட்டார். போர்க்கால வேகம். முதல் வாரம் மேசையைத் துடைத்தார். பத்தொன்பது பேனாவிலும் மை நிரப்பி, ஒவ்வொன்றாகக் கையெழுத்துப் போட்டுப் பார்த்தார். இரண்டாம் வாரம், அந்த மனிதனுக்கு மீசை உண்டா என்ற கேள்வி எழுந்தது, நான்கு நாள். மூன்றாம் வாரம் எழுத உட்கார்ந்துவிட்டார், சத்தியமாக. பேனாவைத் திறந்துவிட்டார். அப்போதுதான் ஒரு பேருண்மை அவரைத் தாக்கியது: அந்தப் படிகள் மரப்படிகள் இல்லை, கல்படிகள்! முதல் ஆறு படியையும் மறுபடி எழுத வேண்டும். இருபத்தொன்பதாம் தேதி சாயங்காலம் மனைவி தேநீர் கொண்டுவந்தாள்.

"ஏறிட்டானா?"

"எறங்கிட்டான்" என்றார் நாவலாசிரியர். "தரையில நிக்கிறான்."

முப்பதாம் தேதி காலை, கெடு முடிய அரை நாள் இருக்கையில், அந்த மனிதர் என்ன செய்தார் தெரியுமா? முடிவெட்டிக்கொள்ளப் போனார். பின்னட்டைக்குப் புகைப்படம் வேண்டாமா?

அவர் அப்படிப் போனதும் இப்படி போன் வந்தது. பதிப்பாளர். "அச்சகத்து ஆளு உக்காந்திருக்காரும்மா. இன்னிக்குக் கட்டு வந்தா வந்தது. இல்லேன்னா வேற புஸ்தகத்த ஏத்திருவாரு."

"நான் கொண்டுவரேன்" என்றாள் மனைவி.

மேசை முன் போய் நின்றாள். இரண்டு கட்டு. எது நாவல்? அவளை அவர் ஒருநாளும் ஒரு பக்கம்கூடப் படிக்க விட்டதில்லை. பச்சைப் பிரதியைப் பார்த்தால் கண் பட்டுவிடுமாம். இடது கட்டைப் புரட்டினாள். ஒரே வாக்கியம் நாற்பத்தொரு தடவை ஆரம்பித்திருந்தது. கடைசித் தாளில் பாதி வரியில் ஓர் அம்புக்குறி, எங்கேயும் போகாமல். தையல் பிரிந்த துணி. வலது கட்டைப் புரட்டினாள். அடித்தல் இல்லை, ஒட்டு இல்லை, முழுசாக முந்நூறு பக்கம். கடைசித் தாளைப் பார்த்தாள். முற்றும்.

வேறென்ன வேண்டும்? ஓரத்தை ஊசியால் துளையிட்டு, பொத்தான் நூலால் இரட்டைத் தையல் போட்டு, பழக்கதோஷத்தில் ஒரு நீல நூலையும் கட்டி, எடுத்துக்கொண்டு போய்க் கொடுத்துவிட்டு வந்தாள்.

நாவலாசிரியர் திரும்பி வந்தபோது அவருடைய மச்சினனும் வந்திருந்தான், மிஷினைத் தூக்க வேண்டியிருந்தால் ஒரு கை கொடுக்கலாமே என்று.

"குடுத்துட்டேன்" என்றாள் மனைவி.

"எத?"

"முடிஞ்சத."

"என்ன முடிஞ்சத?"

"ரெண்டு கட்டு இருந்தது. ஒண்ணு முடியல. இன்னொண்ணு முடிஞ்சிருந்தது. முடிஞ்சத எடுத்துட்டுப் போய்க் குடுத்தேன்."

நாவலாசிரியர் மேசையைப் பார்த்தார். வலது பக்கம் காலி. புதிதாக வெட்டிய முடி அத்தனையும் நட்டுக்கொண்டு நின்றது. பரிசு மறுப்புரை! நேர்காணல்! இரண்டாம் பதிப்பு! ஊர் சிரிக்குமே! "வண்டிய எடுடா!" என்று மச்சினனைப் பார்த்துக் கத்தினார். பன்னிரண்டு வருடத்தில் அவர் சொல்லி உடனே காரியம் நடந்த முதல் வாக்கியம் அதுதான்.

ஸ்பானர் பையை மடியில் வைத்துக்கொண்டு மோட்டார் சைக்கிளில் பின்னால் உட்கார்ந்து, ஐந்து சிக்னலைத் தாண்டி, பதிப்பாளரின் கடைக்குப் போய்ச் சேர்ந்தார். உள்ளே புத்தக அடுக்குகளுக்குப் பின்னாலிருந்து ஒரு சத்தம். யாரோ விசும்புவது போல இருந்தது. எட்டிப் பார்த்தார். பதிப்பாளர் மேசை மேல் கவிழ்ந்து கிடந்தார். தோள் குலுங்கியது. தலையைத் தூக்கினார். கண்ணெல்லாம் தண்ணீர். அழவில்லை, சிரித்துச் சிரித்து வயிற்றைப் பிடித்துக்கொண்டிருந்தார்.

"படுபாவி! வாடா! இத்தன வருஷமா அழுமூஞ்சியா எதையோ எழுதறேன்னு நெனச்சேனேடா! என்ன கதைடா இது! ஒரு நாவல எழுதாமலே அதுக்கு முன்னுரை, ரெண்டாம் பதிப்பு, பரிசு வேணாம்னு ஒரு உரை, 'வேணாம்னு சொன்னத நீங்க நம்பிரக் கூடாது'ன்னு இன்னொரு உரை... அந்த மச்சினன ஒரு வருஷம் சேக்கறான், ஒரு வருஷம் தூக்கறான், நடுவுல அவன்கிட்ட ஃபேன் வேலையும் வாங்கிக்கறான்! நாவல் பூரா நாவலே இல்ல! எப்படிடா இப்படி ஒரு அடிமுட்டாள உண்டாக்குன?"

நாவலாசிரியர் நீல நூல் கட்டிய அந்தக் கட்டை எடுக்கக் கை நீட்டினார்.

"ஒரே ஒரு சந்தேகம்" என்றார் பதிப்பாளர், கண்ணைத் துடைத்துக்கொண்டு. "கொஞ்சம் ஓவரா இல்ல? இப்படி ஒருத்தன் நெஜமா இருப்பானாடா?"



அவர் நிலைமையைக் கொஞ்சம் எண்ணிப் பாருங்கள். "அது கதை இல்லை, நான்தான்" என்று கட்டைத் திரும்பப் பிடுங்கலாம். மானம் மிஞ்சும், அதுவும் பாதிதான். ஆனால் நாவல் இல்லை, கெடு போச்சு, நாளைக் காலை ஜன்னலடியில் தையல் மிஷின். இல்லையென்றால், ஆமாம் என்னுடைய கற்பனைதான் என்று தலையாட்டலாம். நாவல் முடியும், அறை நிற்கும்; வாங்கிப் படிக்கிறவன் ஒவ்வொருவனும் அவர் ஆயுசுக்கும் அவரைப் பார்த்தே சிரிப்பான், அவரைப் பார்க்காமலே.

பதிப்பாளர் இதற்குள் ஸ்பானர் பைக்காரனைக் கவனித்துவிட்டார். "இவர் யாரு? உன் மச்சினனா?" அவர் புருவம் மெல்ல உயர்ந்தது. "சார், அந்த ஃபேன்... லிஃப்ட்..."

மச்சினன் தன் மாமாவைப் பார்த்தான். மாமாவின் காதோரம் புதுசாகச் சிரைத்த இடம் சிவந்துகொண்டிருந்தது. லிஃப்ட் நடுவழியில் நின்றுவிட்டால் உள்ளே இருப்பவரின் முகம் எப்படி இருக்கும் என்று தினமும் பார்க்கிறவன் அவன்.

"அது கதைல வர்ற ஆளு சார்" என்றான். "நான் வேற."

அப்போதுதான் நாவலாசிரியருக்கு மூச்சு வந்தது. கண்ணாடியைக் கழற்றினார். சட்டை நுனியால் துடைத்தார். மாட்டிக்கொண்டார். பதிப்பாளரின் தலைக்கு மேலே ஒரு சாண் உயரத்தில் பார்வையை நிறுத்தினார்.

"கஷ்டமான பாத்திரம்தான்டா. அவன வெளியேருந்து எழுத முடியாது. பன்னெண்டு வருஷம் அவனாவே வாழ்ந்தேன்" என்றார்.

கவனியுங்கள், இதில் ஒரு சொல்கூடப் பொய்யில்லை.

வீட்டுக்கு வந்தபோது நாவலாசிரியர் தரையில் நடக்கவில்லை. மனைவி நடையில் உட்கார்ந்து ஒரு பள்ளிச் சீருடையின் மடிப்பைப் பிரித்துக்கொண்டிருந்தாள்.

"முடிஞ்சது! எடுத்துக்கிட்டான். நீ வச்ச கெடுவுல நான் ஜெயிச்சாச்சு. அறை என்னோடது."

"அப்படின்னு யார் சொன்னா?"

"நீதான! நாவல் முடியலன்னா அறை உனக்குன்னு..."

"முடியலன்னா எனக்குன்னு சொன்னேன். முடிஞ்சா உங்களுக்குன்னு எங்க சொன்னேன்?" மனைவி நிமிர்ந்தாள். "தச்சு முடிச்ச துணிய யாராவது மிஷின் மேலயே வச்சுட்டு உக்காந்திருப்பாங்களா? முடிஞ்சாச்சு, நூலக் கட்டியாச்சு, எடத்தக் காலி பண்ணுங்க. டேய், அந்தப் பக்கம் பிடி."

மச்சினன் ஏற்கெனவே பிடித்துவிட்டான்.

மறுநாள் காலை ஏழு மணி வெளிச்சத்தில் மனைவி ஊசியில் நூல் கோத்தாள். முதல் தடவையிலேயே போய்விட்டது. மிஷினை ஓட்டினாள், அவர் வீட்டில் இருக்கும்போதே. அழைப்புமணியின் ஒயரையும் மச்சினன் மாட்டிவிட்டான். ஒரு பெண்மணி வந்து நல்ல சத்தமாக அடித்தாள்.

மேசை நடைக்குப் போயிற்று. பல்புக்குக் கீழே.

இதோடு கதை முடிந்தது என்று எழுந்துவிடாதீர்கள். பதிப்பாளர் ஒன்றே ஒன்று கேட்டிருந்தார். "எல்லாம் சரிடா. முன்னுரை மட்டும் இல்ல. கட்டுல இருக்கிற முன்னுரையெல்லாம் அந்த முட்டாள் எழுதினது. இப்ப நாவலே அதுதான். நீ எழுதினதா, உன் சொந்தக் குரல்ல, ரெண்டு பக்கம் குடு. நாளைக்குப் போதும்." நாவலாசிரியர் சிரித்தார். முன்னுரையா! அவரிடமா!

அது நடந்து எட்டு மாதம் ஆகிறது. மற்ற பக்கங்கள் எல்லாம் அச்சாகி, முதல் இரண்டு பக்கத்துக்காக அச்சகத்தில் கட்டுக் கட்டாகக் கிடக்கின்றன. பதிப்பாளரின் புதிய பட்டியலில் அந்தப் புத்தகத்துக்கு நேரே "விரைவில்" என்று இருக்கிறது. தினமும் சாயங்காலம், ஜன்னலடியில் இருந்தபடியே மனைவி குரல் கொடுக்கிறாள்.

"முன்னுரை எங்க நிக்குது?"

"ஏழாவது வரி."

"நேத்தும் அதான சொன்னீங்க?"

"அது வேற ஏழு."

நீங்கள் சிரிக்கிறீர்கள். சிரியுங்கள், உடம்புக்கு நல்லது. நீங்கள் நாவல் எழுதுகிறவர் இல்லை, தெரியும். வீடு கட்டப் போகிறவராக இருக்கலாம், வீட்டுக்குப் பெயர் வைத்தாகிவிட்டது, மனைதான் வாங்கவில்லை. பாட்டுக் கற்றுக்கொள்ளப் போகிறவராக இருக்கலாம்; கச்சேரிக்கு எந்தச் சட்டை என்பது மட்டும் முடிவாகியிருக்கும். வேலையை விட்டுவிட்டுச் சொந்தமாகத் தொழில் தொடங்கப் போகிறவரோ என்னவோ. முதலாளி முகத்துக்கு நேரே பேச வேண்டிய வசனத்தைக் குளிக்கும்போது எத்தனை முறை ஒத்திகை பார்த்தீர்கள்? உங்கள் மேசை இழுப்பறையின் அடியில் ஒரு கெட்டித் தாள் கிடக்கவே கிடக்காது என்று சத்தியம் செய்யுங்கள், நான் இந்தக் கட்டுரையையே வாபஸ் வாங்கிக்கொள்கிறேன்.

எப்படிப் போகிறது உங்களுடையது?

அட, அவசரமில்லை. முதலில் அந்தக் கண்ணாடியைத் துடைத்து மாட்டிக்கொள்ளுங்கள். என் தலைக்கு மேலே ஒன்றும் இல்லை.